ஒரு நிறை, ஒரு குறை

எதையும் முதலில் ஒரு நிறை சொல்லிவிட்டுத்தான் குறை சொல்வாள் அக்கா. சாம்பாரானாலும் சரி, மழையானாலும் சரி. "நிறை, புளி அளவா இருக்கு. குறை, பருப்பு வேகல." மழை பெய்துகொண்டிருக்கும்போதே சன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு தீர்ப்புச் சொல்வாள்: "நிறை, நாத்துக்கு ஏத்த மழை. குறை, ஒரு வாரம் பிந்திருச்சு." கல்யாணமாகி நான் அந்த வீட்டுக்குள் காலெடுத்து வைத்த அன்று, ஆரத்தித் தட்டை ஓரமாக வைத்துவிட்டு என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "நிறை, சிரிச்ச மூஞ்சி. குறை, இந்த வீட்டுக்கு வந்தது" என்று என் காதில் மட்டும் விழும்படி சொன்னாள். நான் சிரித்துவிட்டேன். அவள் சிரிக்கவில்லை.

அக்கா என்றால் கூடப்பிறந்தவள் இல்லை. என் கணவரின் அண்ணன் மனைவி, என் ஓரகத்தி. மன்னார்குடிப் பெண். அங்கே ஆசிரியர் பயிற்சி முடித்தவள். பயிற்சிப் பள்ளியில் ஒருத்தி பாடம் எடுப்பாளாம், மற்றவர்கள் பின்பெஞ்சில் உட்கார்ந்து கவனிப்பார்களாம். பாடம் முடிந்ததும் ஒவ்வொருத்தியாக எழுந்து ஒரு நிறை, ஒரு குறை சொல்ல வேண்டும். நிறையை முதலில் சொல்ல வேண்டும் என்பது அங்கே சட்டம். அக்கா படிப்பை முடித்தாள், அந்த ஆவணியிலேயே கல்யாணத்தையும் முடித்துவிட்டார்கள். ஒரு நாள்கூடச் சம்பளத்துக்கு வகுப்பில் நின்றதில்லை. சீர்ப் பாத்திரங்களோடு அந்தப் பழக்கம் மட்டும் அவளோடு வந்து இறங்கியது.

வீடு திருவிடைமருதூருக்கு வடக்கே, காவேரிக்கரைக் கிராமத்தில். முன்கட்டு முழுக்க இரும்புக் கிராதி. விளக்கு வைத்ததும் அத்தை அதைப் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகிக்கொள்வார். திருடன் பயம் என்பார். உள்ளேயிருந்து பார்த்தால் தெருவும் தென்னைகளும் எதிர்வீட்டு மாடும் கம்பி கம்பியாகத் தெரியும். கொஞ்ச நாளில் எனக்குக் கம்பி தெரிவது நின்றுவிட்டது. அதைத்தான் பழகிப்போவது என்கிறார்கள் போலிருக்கிறது.

மூத்தார், அதாவது அக்காவின் கணவர், வளைகுடா நாட்டில் வேலை. நான் அந்த வீட்டுக்குப் போவதற்கு முன்பு இரண்டு மூன்று முறை வந்து போயிருக்கிறார். அப்புறம் வரவில்லை. கான்ட்ராக்ட் முடியவில்லை என்றார். முதலாளி பாஸ்போர்ட்டைத் தரவில்லை என்றார். விசா மாற்றுகிறார்கள் என்றார். காரணங்கள் மாறிக்கொண்டே இருந்தன. அத்தையின் பதில் மட்டும் மாறவே இல்லை: "அவன் வரட்டும்."

அக்காவோடு படித்த தோழி மன்னார்குடியில் ஒரு நர்சரிப் பள்ளி நடத்திக்கொண்டிருந்தாள். "வா, ஒன்னாம் வகுப்பை நீ எடுத்துக்க, தங்க இடமும் இருக்கு" என்று ஒவ்வொரு வைகாசியிலும் கூப்பிடுவாள். அக்கா அத்தையிடம் போய் நிற்பாள்.

"அவன் வரட்டும் பெரியவளே. அவன ஒரு வார்த்த கேக்காம நான் எப்படி சரின்னு சொல்றது?"

"போன்ல கேளுங்கத்தே."

"போன்ல கேக்கற விஷயமா இது?"

அக்கா திரும்பி வந்து அரிசி களைவாள். சட்டியில் தண்ணீர் தெளியும்வரை களைவாள், தெளிந்த பிறகும் களைவாள்.

அந்த வீட்டில் எங்கள் இரண்டு பேருக்கும் வெளியே போகக் கிடைத்த ஒரே வழி, கும்பகோணத்து லோக்கல் கேபிள் சேனலில் விளக்கு வைத்த பிறகு வரும் துப்பறியும் தொடர். இந்தியிலிருந்து தமிழுக்கு மாற்றிப் பேசவைத்தது. பெரிய சேனல்களில் ஓடி ஓய்ந்து, பிறகு எங்கள் கேபிள்காரர் கைக்கு வந்து, அவர் தினமும் ஒரு பகுதி போட்டுக்கொண்டிருந்தார். முடிவே கிடையாது. என்னைப் பெண் பார்க்க வந்த அன்றும் எங்கள் வீட்டு டிவியில் அந்த உயரமான ஆபீசர் யாரையோ முறைத்துக்கொண்டிருந்தார். மாதங்கள் போய் வருடங்கள் வந்தன, அவர் போட்டிருந்த கோட்டை மாற்றவில்லை.

அக்கா அதைப் பார்க்கிற விதமே தனி. ரிமோட் அவள் கையில்தான் இருக்கும், அத்தை அந்த ஒரு அதிகாரத்தை மட்டும் கொடுத்திருந்தார். பகுதி முடியப்போகிற நேரத்துக்கு, பின்பெஞ்சிலிருந்து எழுந்து நிற்கிறவள் மாதிரி முந்தானையைச் சரிசெய்துகொண்டு ஆரம்பிப்பாள்.

"நிறை, சுத்தி வளைக்காம முதல் காட்சியிலயே ஆளக் கொன்னுட்டாங்க. குறை, போன மாசம் கெணத்துல விழுந்து செத்தவன் இந்த வாரம் வாட்ச்மேனா நிக்கிறான்."

"அது வேற ஆளு" என்பார் அத்தை.

"அதே மரு அத்தே, அதே கன்னத்துல."

இன்னொரு நாள்: "நிறை, அந்தப் பொண்ணு நல்லா அழுவுது. குறை, எல்லாப் பணக்காரன் வீட்டுலயும் அதே மாடிப்படி, அதே சோபா. ஒரு சோபாவ எத்தன பேரு வீட்டுக்குத்தான் தூக்கிட்டு அலைவாங்க?"

அத்தைக்கும் ஒரு நிலைத்த குறை உண்டு. "அந்த ஆபீசரு செருப்பக் கழட்டாமயே நடுக்கூடம் வரைக்கும் வர்றான். வளத்தவ சரியில்ல."

"அதுல ஒரு நிறையும் இருக்கு அத்தே. யாரயும் கேக்காம உள்ள வர்றான் பாருங்க."

முதல் விளம்பரத்துக்குள் கொலைகாரனைச் சொல்லிவிடுவாள். தப்பியதே இல்லை. யார் அதிகமாக அழுகிறார் என்று நான் பார்ப்பேன். யார் கை சும்மா இருக்கிறது என்று அவள் பார்ப்பாள். "துக்க வீட்டுல கை சும்மா இருக்காது சின்னவளே. எதையாவது நீவிக்கிட்டே இருக்கும். இவன் கை பாரு, மரக்கட்ட மாதிரி தொங்குது." ஆனால் கடைசிக் காட்சியை மட்டும் பார்க்கமாட்டாள். ஆபீசர் எல்லாரையும் கூடத்தில் வரிசையாக நிற்கவைத்து, ஒருவரைக் காட்டிக் கேட்கும் அந்த நேரத்துக்குச் சரியாக எழுந்து தோசைக்கல்லைப் போடப் போய்விடுவாள். குறையைக்கூட அடுப்படியிலிருந்துதான் சொல்வாள்.

ஒருநாள் கேட்டேன். "ஏங்க்கா, கண்டுபிடிக்கறதெல்லாம் கண்டுபிடிச்சிட்டு முடிவ மட்டும் பாக்கமாட்டேங்கறீங்க?"

"அந்தத் தொடருக்கே அதுதான் பெரிய குறை. எல்லாரும் கூப்பிட்டதும் ஒரே எடத்துல வந்து நிக்கிறாங்க. எந்த வீட்டுல அப்படி நிக்கிறாங்க சொல்லு? ஒருத்தர் கொல்லையில, ஒருத்தர் கடைத்தெருவுல, ஒருத்தர் தூங்கறாப்புல. அதுக்கு மேல, கேட்டதும் ஒத்துக்கறான். கேட்டா சொல்லிடறானா? நெஜத்துல?"

"அப்ப நிறை?"

கல்லில் மாவை ஊற்றி வட்டமாகத் தேய்த்துக்கொண்டே சொன்னாள். "ஒருத்தருக்கு ஒன்னு ஆயிடுச்சுன்னா, என்ன ஆச்சுன்னு கேக்க ஒரு ஆளு வருது பாரு. அதுக்குன்னே ஒருத்தர வச்சிருக்காங்க. அதான் இத்தன வருஷமா ஓடுது."

எண்ணெய் சுற்றி விட்டாள். தோசை ஓரம் சிவந்து எழும்பியது. பிறகு, ஏதோ மறந்துபோனதைச் சேர்க்கிறவள் போல, "அந்த ஆபீசரு ஒரு நாளாச்சும் தன் வீட்டுக்குப் போயிருக்கானா? வீடே காட்டமாட்டாங்க. வீடு இல்லாததாலதான் அவனால கண்டுபிடிக்க முடியுது. வீடு இருக்கறவங்க கண்டுபிடிக்க மாட்டாங்க" என்றாள்.

வயல்வேலை முழுக்க அவள் பொறுப்பு. என் கணவர் உரக்கடைக்குப் போய்விடுவார். மேட்டூர் திறந்து, தண்ணீர் வாய்க்காலில் ஏறி, எங்கள் மடைக்கு வரும்போது முழங்கால்வரை சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு கரையில் நிற்பாள். நாற்றுவிட, பறிக்க, நடவுக்கு ஆள் சொல்ல எல்லாம் அவள்தான். தண்ணீர் ஒரு வயலில் நிறைந்து வரப்பு உயரத்துக்கு வந்து, அடுத்த வயலுக்கு விடுவதற்காகக் காத்திருக்கும். ஒருமுறை வெகுநேரம் அதையே பார்த்துக்கொண்டு நின்றாள். "நிறை, அடங்கி நிக்குது" என்றாள். குறையைச் சொல்லவில்லை. குனிந்து மண்வெட்டியால் வரப்பை வெட்டிவிட்டாள்.

மூத்தார் வாட்ஸப்பில் கூப்பிடுவார். அதே வெளிநாட்டு நம்பர், ஒட்டகத்தோடு நிற்கும் அதே பழைய படம். அத்தையின் போனுக்குத்தான் வரும். அத்தைக்கு போனைக் காதில் வைத்துக்கொள்ளப் பிடிக்காது, ஸ்பீக்கரில் போட்டு மடியில் வைத்துக்கொள்வார். அதனால் எல்லாருக்கும் கேட்கும். அழைப்பு எப்போதும் தொடரின் விளம்பர இடைவேளையில்தான் வரும். விளம்பரம் முடிகிற நேரத்துக்கு, "சரிம்மா, வச்சிடறேன்" என்று அவசரமாக வைத்துவிடுவார்.

"பாவம் புள்ளைக்கு. மூச்சுவிட நேரமில்ல" என்பார் அத்தை.

அக்காவிடம் அவர் பேசுவது எப்போதோ ஒருமுறை. "நல்லாருக்கியா?" "ம்." "அம்மாவப் பாத்துக்க." "ம்." வீடியோவில் வரச்சொன்னால் அங்கே நெட் சரியில்லை என்பார். போன் வந்ததும் அக்கா டிவியின் சத்தத்தை அடைப்பாள், அவர் வைத்ததும் திறப்பாள். அவ்வளவுதான் அவர்கள் தாம்பத்தியம் என்று நான் நினைத்துக்கொள்வதுண்டு.

அது ஒரு பங்குனிச் சாயங்காலம். புழுக்கம். விளம்பரம் வந்தது, கும்பகோணத்து ஜவுளிக்கடை விளம்பரம். ஒரு குழந்தை கீச்சுக்குரலில் பட்டுப்பாவாடையைப் பற்றிப் பாடும். எங்கள் சேனலைத் தவிர உலகத்தில் வேறெங்கும் வராத விளம்பரம் அது. போன் அடித்தது. அத்தை ஸ்பீக்கரில் போட்டார். அக்கா ரிமோட்டை அமுக்கி டிவியின் வாயை அடைத்தாள்.

குழந்தை பாடுவது நிற்கவில்லை.

திரையில் பாவாடை சத்தமில்லாமல் சுழன்றது. பாட்டு அத்தையின் மடியிலிருந்து வந்தது. அக்கா ரிமோட்டைப் பார்த்தாள். திறந்தாள், இரண்டு பக்கமும் ஒரே குழந்தை. அடைத்தாள், மடியில் மட்டும் குழந்தை. பிறகு அந்தப் பக்கம் ஒரு பெண்குரல், கொஞ்சலாக: "சத்தத்தக் கொறைக்கவா?"

பாட்டு பட்டென்று நின்றது.

"ஆமாம்மா, சொல்லுங்க" என்றார் மூத்தார்.

அத்தை என்னைப் பார்த்தார், அக்காவைப் பார்க்கவில்லை. "அங்க கூட வேல பாக்கறவங்க" என்றார், யாரும் எதுவும் கேட்காமலே. அவருடைய கைகள் இரண்டும் மடியில் சும்மா கிடந்தன.

கும்பகோணம் எங்களுக்குப் பஸ்ஸில் அரைமணிகூட இல்லை. அந்த ஆள் கடல் தாண்டி இல்லை. ஏதோ ஒரு தெருவில், எங்கள் சேனலையே, எங்கள் தொடரையே பார்த்துக்கொண்டு, கொலைகாரன் யாரென்று தெரிகிற நேரம் தவறிவிடக்கூடாதே என்று விளம்பரத்துக்குள் பெற்றவளைக் கூப்பிட்டுக்கொண்டிருக்கிறார்.

அக்கா எழுந்து தோசைக்கல்லைப் போட்டாள். அன்றைக்குக் குறை மட்டும் அடுப்படியிலிருந்து வந்தது. நிறை சொல்லாமல் அவள் குறை சொன்னது அதுதான் முதல் தடவை.

"குற்றவாளி தானே வந்து மாட்டிக்கறான். இதுல துப்பறிய என்ன இருக்கு?"

அவள் அழவில்லை. நான்தான் கொல்லையில் போய் அழுதேன். திரும்பி வந்து, "இப்பவே கேளுங்கக்கா" என்றேன்.

"யாரக் கேக்க? நீ இங்க நிக்கற, அத்த பூஜையறைக்குள்ள போயாச்சு, ஒன் வீட்டுக்காரரு வயித்து வலின்னு படுத்தாச்சு. பாத்தியா, ஒரே எடத்துல நிக்கமாட்டாங்க."

என் கணவருக்கும் தெரிந்திருக்கிறது என்பது எனக்கு அந்த நொடியில்தான் உறைத்தது.

சித்திரை போனது. வைகாசியில் மன்னார்குடித் தோழி கூப்பிட்டாள். அக்கா அத்தையிடம் போய் நின்றாள். "அவன் வரட்டும்" என்றார் அத்தை, முகத்தில் ஒரு கோடுகூட மாறாமல். "சரிங்கத்தே" என்றாள் அக்கா. தினமும் சாயங்காலம் ரிமோட்டை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தாள். போன் வந்தால் சத்தத்தை அடைத்தாள், திறந்தாள். நான்கு பேரும் தெரிந்துகொண்டே தெரியாதவர்களாக இருந்தோம். பூட்டு கிராதியில் மட்டும் இல்லை.

ஆடிப்பெருக்கு வந்தது. வருடத்தில் அந்த ஒரு நாள்தான் எங்கள் வீட்டில் எல்லாரும் ஒரே நேரத்தில், ஒரே இடத்தில், குளித்துவிட்டு நிற்பார்கள். படித்துறையில் காப்பரிசி, பழம், காதோலை, கருகமணி, மஞ்சள் கயிறு. கழுத்தில் தாலி ஏறியவர்கள் ஒருவருக்கொருவர் புதுக்கயிறு கட்டிக்கொள்வார்கள். கல்யாணமாகாத பெண்கள் கைமணிக்கட்டில் கட்டிக்கொள்வார்கள். மாமா காலமாகிவிட்டதால் அத்தைக்குக் கட்டும் உரிமை இல்லை, தட்டை மட்டும் பிடித்துக்கொண்டு மேல்படியில் நின்றார். என் கணவர் விளக்கை ஆற்றில் விடக் குனிந்திருந்தார். தண்ணீர் சுழித்துக்கொண்டு மூன்றாவது படியை நக்கியது.

அக்கா எனக்குக் கட்டினாள். பிறகு நான் ஒரு கயிற்றை எடுத்து அவள் கழுத்துக்குக் கொண்டுபோனேன். என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"இரு சின்னவளே. நிறை, எல்லாரும் ஒரே எடத்துல நிக்கிறோம்." திரும்பி மேலே பார்த்தாள். குரல் உயரவில்லை, நடவு ஆளிடம் தண்ணீர் கேட்கிற குரல்தான். "அத்தே, அவரு கும்பகோணத்துக்கு வந்து எவ்வளவு நாளாச்சு?"

அக்கம்பக்கத்துப் பெண்களின் வளையல் சத்தம் நின்றது. என் கணவர் நிமிரவே இல்லை. விளக்கு அவர் கையிலேயே எரிந்துகொண்டிருந்தது. அத்தையின் தட்டில் பழம் ஒன்று உருண்டது. அக்கா காத்திருந்தாள். நிஜமாகவே காத்திருந்தாள். அந்த ஆபீசரைப்போல விரல் நீட்டவில்லை, முறைக்கவில்லை. பதில் வந்தால் வாங்கிக்கொள்கிறவளாக, ஈரச்சேலையோடு அண்ணாந்து நின்றாள். அவள் முகத்தில் நான் அதற்கு முன் ஆசையைப் பார்த்ததில்லை. அன்று பார்த்தேன். யாராவது ஒருவர் ஒரு வார்த்தை சொல்லிவிடமாட்டார்களா என்கிற ஆசை.

"தண்ணி ஏறுது. சீக்கிரம் கட்டிக்கிட்டு வாங்கடி" என்றார் அத்தை.

அக்கா தலையை ஆட்டிக்கொண்டாள். "குறை, நான் சொன்னது சரிதான். கேட்டா யாரும் சொல்லமாட்டாங்க" என்றாள் என்னிடம். கயிற்றை என் கையிலிருந்து வாங்கி, பல்லால் ஒரு நுனியைக் கடித்துக்கொண்டு, தன் வலது மணிக்கட்டில் சுற்றி, தானே முடிந்துகொண்டாள். கல்யாணமாகாத பெண்கள் கட்டிக்கொள்வதுபோல.

அன்று சாயங்காலமும் தொடர் ஓடியது. ஓடாமல் எங்கே போகும்? விளம்பரம் வந்தது, பட்டுப்பாவாடை சுழன்றது, போன் அடித்தது. அத்தை எடுக்கவில்லை, மடியில் அது அடித்துக்கொண்டே கிடந்தது. அக்கா டிவியின் சத்தத்தை அடைத்துவிட்டு, எட்டி அந்தப் போனை எடுத்து ஸ்பீக்கரில் போட்டாள். குழந்தை பாடியது.

"அம்மா?" என்றார் மூத்தார்.

"நாந்தாங்க. சத்தத்தக் கொறச்சிட்டுப் பேசுங்க. இங்க கேக்குது."

பாட்டு நின்றது. அவர் பேசவில்லை. வைக்கவும் இல்லை. விளம்பரம் முடிந்து தொடர் திரும்ப வந்தது. சத்தமில்லாத திரையில் ஆபீசர் எல்லாரையும் கூடத்தில் நிற்கவைத்திருந்தார். வாய் அசைந்தது, விரல் நீண்டது, ஒருவன் முகத்தை மூடிக்கொண்டு குலுங்கினான். அக்கா தோசைக்கல்லைப் போட எழுந்திருக்கவில்லை. போனைக் கையில் வைத்துக்கொண்டே கடைசிவரை பார்த்தாள். திரையில் ஒருவன் சொல்லிக்கொண்டிருந்தான், கேட்கவில்லை. கையில் ஒருவர் கேட்டுக்கொண்டிருந்தார், சொல்லவில்லை. பெயர்கள் ஓட ஆரம்பித்ததும் அணைத்துவிட்டு, போனை அத்தையின் மடியிலேயே வைத்தாள்.

காலையில் அத்தை கிராதியைத் திறந்தபோது அக்கா பையோடு நின்றாள்.

"நீ போயிட்டா நடவ யாரு பாக்கறது?" என்றார் அத்தை. போகாதே என்று சொல்ல அவருக்குத் தெரிந்த வழி அதுதான். கை கிராதிச் சாவியை நீவிக்கொண்டிருந்தது. "அவன்தான் அப்படிப் பண்ணிட்டான். நீயும் போயிடுவேன்னுதான் நான் வாயத் தொறக்கல."

பதில் வந்துவிட்டது. ஒரு ராத்திரி பிந்தி வந்தது.

அக்கா நின்று, அத்தையின் கையைப் பிடித்து, கொஞ்சநேரம் நீவிக்கொடுத்தாள். பிறகு, "நடவ சின்னவ பாத்துக்குவா" என்றாள்.

நான் பஸ் நிறுத்தம்வரை கூடப்போனேன். தூரத்தில் பஸ் தெரிந்ததும் அவசரமாக, "எனக்கு ஒரு நிறை, ஒரு குறை சொல்லிட்டுப் போங்கக்கா" என்றேன்.

"நிறை, எனக்காகக் கொல்லையில போய் அழுத." படியில் ஏறிக் கம்பியைப் பிடித்துக்கொண்டாள். மணிக்கட்டில் மஞ்சள் கயிறு இன்னும் வெளுக்கவில்லை. "குறைய நீயே கண்டுபிடி."

அவள் மன்னார்குடியில் ஒன்றாம் வகுப்பு எடுக்கிறாள் என்று கேள்வி. அந்தக் குழந்தைகள் நிறையை முதலில் சொல்லப் பழகியிருப்பார்கள்.

நடவை நான் பார்க்கிறேன். தண்ணீர் வரப்பு உயரத்துக்கு நிற்கும்போது எவ்வளவு நேரம் நிற்கவிட வேண்டும் என்று இப்போது எனக்குத் தெரியும். தெருவில் கேட்டால் மூத்தார் வெளிநாட்டில் இருக்கிறார், அக்கா அம்மா வீட்டுக்குப் போயிருக்கிறாள். அத்தை அப்படித்தான் சொல்கிறார், என் கணவரும் அப்படித்தான் சொல்கிறார். என்னைக் கேட்டவர்களுக்கு நானும் அப்படித்தான் சொல்லியிருக்கிறேன்.

தொடர் இன்னும் ஓடுகிறது. முதலிலிருந்து போடுகிறார்கள், கிணற்றில் விழுந்தவன் மறுபடி விழுந்தாயிற்று. ரிமோட் என் கையில். மூத்தார் இன்னும் விளம்பரத்தில்தான் கூப்பிடுகிறார். நான் டிவியை அடைத்துவிட்டுக் காதைத் தீட்டிக்கொள்வேன். அந்தப் பக்கம் ஒரு சத்தமும் இல்லை. பாட்டில்லை, பெண்குரலில்லை, ஒரு காக்கை, ஒரு ஆட்டோ, ஒரு மின்விசிறிகூட இல்லை. அப்படி ஒரு துடைத்துவைத்த அமைதி எந்த ஊரிலும் கிடையாது.

அத்தைக்கு இப்போது காது மந்தம். போனை வைத்ததும், "சத்தத்தக் கூட்டு சின்னவளே" என்கிறார்.

கூட்டுகிறேன்.